தபாலில் வந்த உடல்

சேலம் அஸ்தம்பட்டி ரவுண்டானாவில் அவ்வப்போது ஆணழகன் போட்டிக்கான பிளக்ஸ் எழும்பும். எண்ணெய் மின்னும் தோள்கள், செதுக்கி வைத்தாற்போன்ற வயிறு, கீழே வரிசையாகப் பரிசுத் தொகை. அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு ஒரு தகரக் கொட்டகை நினைவுக்கு வரும். பள்ளி முடித்த வயதில் நான் போன தேகப்பயிற்சி சாலை அது. மண் தரை. வாசலில் ஆஞ்சநேயர் படம். மூலையில் கர்லாக்கட்டைகள். பெயின்ட் டப்பாவில் சிமென்ட் ஊற்றி, நடுவே கம்பி சொருகிய எடைகள். மாஸ்டர் முதல் மாதம் எங்களை இரும்பைத் தொடவே விடமாட்டார். "அம்பது தண்டால் எடு தம்பி, அம்பது பஸ்கி போடு. அப்புறம் பாக்கலாம்" என்பார்.

அந்தக் கொட்டகைச் சுவரில் இரண்டு அட்டைகள் தொங்கின. ஒன்றில் சுருள்முடி வெள்ளைக்காரர் ஒருவர் டம்பெல் தூக்கும் நிலைகள். மற்றொன்றில் வேட்டியைத் தார்பாய்ச்சிக் கட்டிய ஒருவர் செய்யும் சூரிய நமஸ்காரத்தின் நிலைகள். இரண்டும் ஒரே ஆணியில் மாட்டிய அண்ணன் தம்பிபோல் ஒட்டித் தொங்கின. இவை எப்படி ஒரே சுவருக்கு வந்தன என்று அன்று நாங்கள் யாரும் கேட்கவில்லை. பல ஆண்டுகள் கழித்துத்தான் எனக்கு அந்தக் கேள்வி வந்தது. அதைப் பிடித்துக்கொண்டு போனால், அஸ்தம்பட்டியிலிருந்து ஏறக்குறைய 200 கிலோமீட்டர் தள்ளி, பெங்களூரில் இருந்த ஒரு மனிதரிடம் போய் நிற்கிறோம். அவர் பெயர் கே.வி. ஐயர். தன் காலத்தின் புகழ்பெற்ற உடற்கட்டுக்காரர். உடற்பயிற்சி நூலாசிரியர். கன்னட நாவலாசிரியரும்கூட.

ஐயர் 1897-இல் கோலார் மாவட்டத்துத் தேவராயசமுத்திரத்தில் பிறந்தார். 1920-களில் பெங்களூரில் ஹெர்குலிஸ் ஜிம்னாசியத்தைத் தொடங்கினார். அவர் புகழ் பெற்ற விதம் இன்றைய போட்டிகளிலிருந்து முற்றிலும் வேறு. மேடை, நடுவர் வரிசை, எடைப்பிரிவு எல்லாம் ஒழுங்குபட்ட உலகப் போட்டி அன்று இல்லை. லண்டனின் 'மிஸ்டர் யுனிவர்ஸ்' போட்டியே 1948-இல்தான் தொடங்கியது. அதற்கு முந்தைய தலைமுறைக்குப் பத்திரிகைதான் மேடை, புகைப்படம்தான் போட்டியாளர். லண்டனிலிருந்து வந்த 'ஹெல்த் அண்ட் ஸ்ட்ரெங்த்' போன்ற இதழ்களுக்கு உலகெங்கும் உள்ள உடற்கட்டுக்காரர்கள் தங்கள் படங்களை அனுப்புவார்கள். ஐயரும் அனுப்பினார். படங்கள் அச்சாயின, பேசப்பட்டன. அமெரிக்காவில் சார்லஸ் அட்லஸ் தன்னை உலகிலேயே குறையற வளர்ந்த மனிதன் என்று விளம்பரம் செய்துகொண்டது போலவே, ஐயரும் இந்தியாவில் அந்த இடம் தனக்கு என்று உரிமை கொண்டாடினார். தேவர்களும் ஆசைப்படும் உடம்பு தன்னுடையது என்று எழுதவும் அவர் கூச்சப்படவில்லை.

இந்தத் தற்பெருமையைப் படிக்கும்போது முதலில் முகம் சுளித்தேன். பிறகு அவர் எந்தக் காலத்தில் அதை எழுதினார் என்று யோசித்தேன். இந்தியர், அதிலும் படித்த இந்தியர், உடல்வலு இல்லாதவர்கள், ஆண்மை குன்றியவர்கள் என்று ஆட்சியாளர்கள் நூறாண்டாக எழுதிவந்த காலம். வங்காளிகளைப் பற்றி மெக்காலே எழுதியதைப் பள்ளிப் பிள்ளைகள் பாடமாகவே படித்தார்கள். அந்தப் பேச்சுக்கு மறுப்பு எழுதியவர்கள் பலர். ஐயர் தன் உடம்பையே மறுப்பாக நிறுத்தினார், அதுவும் அந்த ஆட்சியாளர்களின் மொழியில், அவர்களுடைய பத்திரிகைகளிலேயே. அந்தக் கூற்றின் உரத்த குரலுக்கு இந்தப் பின்னணி காரணம் என்பது என் எண்ணம்.

அவருக்கு முன்னோடி யூஜின் சாண்டோ. இந்தப் பெயர் கொங்கு நாட்டில் பெயராக இல்லாமல் பட்டமாகவே ஆகிவிட்டது. கோவை இராமநாதபுரத்தில் வீரமாருதி தேகப்பயிற்சி சாலை நடத்திய சின்னப்பா தேவர், படத்தயாரிப்பாளராகி இந்தியா முழுதும் அறியப்பட்ட பிறகும் 'சாண்டோ' சின்னப்பா தேவராகவே இருந்தார். கை இல்லாத பனியனுக்கு இன்றும் நாம் சொல்வது சாண்டோ பனியன். 1867-இல் பிரஷ்யாவின் கோனிக்ஸ்பெர்க்கில் பிறந்த ஒருவருடைய மேடைப்பெயர் திருப்பூர் அட்டைப்பெட்டிக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

சாண்டோ செய்த பெரிய மாற்றம், உடல்வலுவை வித்தையிலிருந்து பாடமாக ஆக்கியது. அவருக்கு முன்னால் பயில்வான் என்பவர் சங்கிலி அறுப்பார், மாட்டுவண்டியை நெஞ்சில் ஏற்றுவார், பார்த்தவர்கள் கைதட்டிவிட்டுப் போவார்கள். சாண்டோ 1897-இல் வலிமை பெறுவது எப்படி என்று ஒரு நூல் எழுதினார். அடுத்த ஆண்டு மாத இதழ் தொடங்கினார். எத்தனை எடை, எத்தனை முறை, எந்த வயதுக்கு எவ்வளவு என்று அட்டவணை போட்டார். 1901-இல் லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் அவர் நடத்திய உடற்கட்டுப் போட்டிக்கு நடுவர்களில் ஒருவர் ஷெர்லக் ஹோம்ஸ் கதைகளை எழுதிய ஆர்தர் கோனன் டாயில். 1904-05-இல் சாண்டோ இந்தியாவுக்கும் வந்துபோனார். ஆனால் அவர் வருவதற்கு முன்பே அவருடைய புத்தகமும் சாதனங்களும் இங்கே வந்துவிட்டன.

அவற்றை வாங்கியவர்களில் ஒருவர் மகாராஷ்டிரத்தில் இருந்த அவுந்த் என்ற சின்னஞ்சிறு சமஸ்தானத்தின் இளவரசர், பவான்ராவ் பந்த் பிரதிநிதி. அவர் 1897-இல் சாண்டோவின் முறையை எடுத்துக்கொண்டு ஏறத்தாழப் பத்தாண்டு விடாமல் செய்தார். பிறகு அதை விட்டுவிட்டு, தன் பக்கத்தில் வழக்கத்தில் இருந்த சூரிய நமஸ்காரத்துக்குத் திரும்பினார். திரும்பியவர் சாண்டோவிடம் கற்ற பழக்கங்களைக் கைவிடவில்லை. நமஸ்காரத்தைப் பத்து நிலைகளாகப் பிரித்தார், படம் பிடித்தார், எண்ணிக்கை வகுத்தார், தன் சமஸ்தானப் பள்ளிகளில் கட்டாயமாக்கினார், 1928-இல் ஆங்கிலத்தில் நூலாக்கினார். ஒரு மந்திரத்தோடு சேர்ந்த வழிபாட்டை வகுப்பறை டிரில்லாக ஆக்கியது அவர்தான். நம் பள்ளிகளில் வெள்ளைச் சட்டை போட்ட பிள்ளைகள் வரிசையாக நின்று செய்யும் சூரிய நமஸ்காரத்தின் நேரடி மூதாதை அவுந்துதான்.

தண்டால் எடுத்தவர்களுக்கு இதை வேறுவிதமாகவும் சொல்லலாம். இரண்டு கையையும் இரண்டு காலையும் தரையில் ஊன்றி, இடுப்பை மேலே தூக்கி, மலைபோல் நிற்கிறீர்கள். அங்கிருந்து தலையைக் கைகளுக்கு நடுவே இறக்கி, நெஞ்சு மண்ணை உரச முன்னால் வழுக்கிப் போய், பாம்பு படம் எடுப்பதுபோல் நெஞ்சை நிமிர்த்துகிறீர்கள். பிறகு இடுப்பு மறுபடி மேலே. இதுதான் கோதாவில் காலங்காலமாக எடுக்கும் தண்டால். இதற்கு முன்னும் பின்னும், நின்று குனிவதையும் ஒரு காலைப் பின்னால் வைப்பதையும் சேர்த்தால் சூரிய நமஸ்காரம். நடு உடம்பு இரண்டுக்கும் ஒன்றே. எங்கள் மாஸ்டருக்கு இந்த ஆய்வெல்லாம் தெரியாது. ஆனால் சில நாளில், "தண்டாலுக்குப் பதிலா நமஸ்காரம் போடுங்கடா, ரெண்டும் ஒண்ணுதான்" என்பார். உடம்பால் அறிந்தவர் சொன்னது சரி.

பழைய நூல்கள் இதை எப்படிப் பார்த்தன என்பதும் சுவையானது. ஹடயோகப் பிரதீபிகையில் சூரிய நமஸ்காரம் இல்லை. அது விவரிக்கும் ஆசனங்கள் பதினைந்துதான். அதற்கு 19-ஆம் நூற்றாண்டில் பிரம்மானந்தர் எழுதிய ஜ்யோத்ஸ்னா உரையில் ஓர் எச்சரிக்கை வருகிறது. யோகம் பழகுகிறவர் உடலை வருத்தும் செயல்களைத் தவிர்க்க வேண்டும் என்ற இடத்தில், அளவுக்கு மீறிய சூரிய நமஸ்காரத்தையும் பெருஞ்சுமை தூக்குவதையும் ஒரே மூச்சில் உதாரணமாகச் சொல்கிறார் உரையாசிரியர். எங்கள் கொட்டகைச் சுவரில் தொங்கிய இரண்டு அட்டைகளும் அந்த ஒரு வாக்கியத்தில் ஏற்கெனவே பக்கத்தில் பக்கத்தில் நின்றிருக்கின்றன. அவர் பார்வையில் இரண்டுமே பயில்வான் வேலை, யோகியின் வேலை அல்ல.

பயில்வானுக்கும் யோகிக்கும் நடுவே இருந்த இந்தச் சுவரைத் தாண்டியவர் ஐயர். தண்டால், பஸ்கி, டம்பெல், தசைகளைத் தனித்தனியே இறுக்கித் தளர்த்தும் பயிற்சி ஆகியவற்றால் உடம்பை வளர்த்தவர் அவர். அதோடு ஆசனங்களையும் நமஸ்காரத்தையும் சேர்த்துக்கொண்டார். வயிற்றுத் தசைக்கும் முதுகெலும்புக்கும் உள்ளுறுப்புகளுக்கும் இரும்பு தராத ஒன்றை அவை தருகின்றன என்பது அவர் வாதம். 1930-இல் 'மசில் கல்ட்', 1936-இல் 'பெர்ஃபெக்ட் பிசிக்', 1937-இல் சூரிய நமஸ்காரம் பற்றித் தனி நூல் என்று வரிசையாக எழுதினார். கிரேக்கச் சிலைகளின் பாணியில் நிற்கும் அவருடைய படங்களும், சாஷ்டாங்கமாய் மண்ணில் படியும் நமஸ்காரமும் ஒரே ஆசிரியரின் பெயரில் வந்தன. அதற்கு முன் அந்த இரண்டையும் சேர்த்தவர்கள் ஓரிருவர் இருந்திருக்கலாம். சேர்த்ததை இவ்வளவு தெளிவாக, இத்தனை படங்களோடு, வாங்கிப் படிக்கும் வாசகனுக்காக எழுதியவர் தென்னாட்டில் இவர்தான் என்று நினைக்கிறேன்.

அவரோடு ஒரு தமிழர் இருந்தார். யோகாச்சாரியர் சுந்தரம். 1920-களில் இருவரும் ஊர் ஊராகப் போய் மேடையில் தோன்றினார்கள். ஒருவர் தசைகளைக் காட்டுவார், மற்றவர் ஆசனங்களைக் காட்டுவார், இடையிடையே பேச்சு. சுந்தரம் 1928-இல் யோகத்தை உடற்பயிற்சியாக விளக்கும் ஆங்கில நூலைத் தன் படங்களோடு வெளியிட்டார். ஆசனங்களைப் புகைப்படத்தில் காட்டி, வீட்டில் தனியாகச் செய்யும்படி விளக்கிய மிக முந்தைய நூல்களில் அது ஒன்று. பின்னாளில் தமிழில் 'சுந்தர யோக சிகிச்சை' எழுதினார். பி.கே.எஸ். ஐயங்காரின் நூல் உலகப்புகழ் பெறுவதற்கு ஏறத்தாழ நாற்பது ஆண்டு முன்னால் ஒரு தமிழர் இதைச் செய்திருக்கிறார் என்பது நம் பள்ளிப் புத்தகம் எதிலும் இல்லாதது எனக்கு வருத்தம்தான்.

மைசூர் அரண்மனையின் பங்கையும் சொல்லவேண்டும். நான்காம் கிருஷ்ணராஜ உடையார் ஐயரை ஆதரித்தார். ஜகன்மோகன் அரண்மனையில் 1933-இல் தி. கிருஷ்ணமாச்சாரியார் யோகசாலை தொடங்கினார். அதே வளாகத்தில், அதே ஆண்டுகளில், ஐயரின் மாணவர் ஒருவர் உடற்கட்டு வகுப்பு நடத்தினார். ஒரு கூடத்தில் ஆசனம், சில அடி தள்ளி டம்பெல். கிருஷ்ணமாச்சாரியாரிடம் படித்தவர்கள்தான் பட்டாபி ஜோயிஸ், ஐயங்கார், இந்திரா தேவி. அவர்கள் வழியாகத்தான் இன்று நியூயார்க்கிலும் டோக்கியோவிலும் செய்யப்படும் யோகம் போனது. நார்மன் ஷோமன் 1996-இலும், மார்க் சிங்கிள்டன் 2010-இலும் எழுதிய ஆய்வுகள் இந்த அண்டைவீட்டு உறவை வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தன. எலியட் கோல்ட்பெர்க் ஐயரையும் சுந்தரத்தையும் விரிவாக எழுதியிருக்கிறார்.

இந்த ஆய்வுகளைப் படித்துவிட்டு 'யோகமே வெள்ளைக்காரன் ஜிம்னாஸ்டிக்' என்று சொல்லக் கிளம்பியவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் அவசரப்படுகிறார்கள். ஆசனம் பழையது, மூச்சும் பந்தமும் பழையவை, கோதாவின் தண்டாலும் பழையது. புதியது அவற்றை அடுக்கிய முறை. ஒன்றிலிருந்து ஒன்றுக்கு இடைவெளியில்லாமல் போவது, எண்ணிக்கை சொல்வது, கூட்டமாகச் செய்வது, படம் பார்த்துச் செய்வது. பொருள் நம்முடையது, கட்டுமானம் இருபதாம் நூற்றாண்டுடையது. கட்டியவர்களில் ஒருவர் உடற்கட்டுக்காரர் என்பதைச் சொல்வதால் பொருளுக்கு எந்த இழுக்கும் இல்லை.

இனி தலைப்பில் சொன்ன தபாலுக்கு வருகிறேன். ஐயரின் நூல்களை வெளியிட்ட நிறுவனத்தின் முழுப்பெயரிலேயே அஞ்சல்வழிப் பள்ளி என்பது இருந்தது. 1940-இல் அஞ்சல்வழி உடற்பயிற்சி பற்றியே ஒரு நூல் போட்டார். தொலைவிலிருந்து உடம்பைக் கற்பிப்பது அன்று உலகெங்கும் பரவிய முறை. லண்டனில் மாக்சிக் என்பவரின் தசைக்கட்டுப்பாட்டுப் பாடம் தபாலில் போனது. அட்லஸின் பாடமும் அப்படியே. இதில் ஆசிரியருக்கு இருக்கும் சிரமத்தை நினைத்துப் பாருங்கள். எதிரே மாணவன் இல்லை. முதுகு வளைந்திருக்கிறதா, மூச்சைப் பிடித்துக்கொண்டானா, முட்டி உள்ளே சாய்கிறதா என்று பார்க்கமுடியாது. தட்டித் திருத்தக் கை இல்லை. சொல் ஒன்றுதான் இருக்கிறது. அந்தச் சொல் தவறினால் யாரோ ஒருவருடைய தோள்மூட்டு தவறும்.

இப்படிப்பட்ட எழுத்து ஒரு தனி எழுத்து. கதையில் ஒரு சொல் பிசகினால் வாசகன் தாண்டிப் போய்விடுவான். இதில் பிசகினால் வாசகன் விழுவான். எந்தக் காலை முதலில் வைப்பது, பார்வை எங்கே, மூச்சு எப்போது உள்ளே, எங்கே வலித்தால் நிறுத்துவது என்பதையெல்லாம் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாலும் புரியும்படி எழுதவேண்டும். உடம்பால் செய்து பார்க்காதவர் இதை எழுதமுடியாது. செய்து பார்த்தவர்களில் பெரும்பாலோருக்கு எழுத வராது. இரண்டும் ஒருவரிடம் சேர்வது அரிது. கல்கத்தாவில் அதே 1930 வாக்கில் பிஷ்ணு சரண் கோஷ் பார்பெல்லையும் தசைக்கட்டுப்பாட்டையும் பற்றி எழுதினார். பெங்களூரில் ஐயர் எழுதினார். இந்தியாவில் இப்படி எழுதியவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம்.

ஆனால் இந்த எழுத்து யாருக்குப் போய்ச் சேர்ந்தது என்பதைக் கேட்காமல் விட முடியாது. ஆங்கிலம் படிக்கத் தெரிந்த, புத்தகத்துக்குப் பணம் அனுப்பக் கூடிய, நாளெல்லாம் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்க்கும் ஆண்களுக்கு. குமாஸ்தா, வக்கீல், கல்லூரி மாணவர். சேலத்தில் தறியில் கால் மிதித்தவருக்கும், செவ்வாய்ப்பேட்டையில் மூட்டை சுமந்தவருக்கும் உடம்பை வளர்க்கப் புத்தகம் வேண்டியிருக்கவில்லை. வேலையே உடம்பைக் கடைந்தெடுத்தது. சிலம்பமும் கர்லாவும் கோதாவும் அவர்கள் கையில்தான் இருந்தன. அந்த அறிவு வாயால், கையால், அடியால் கடத்தப்பட்டது. அதை எழுதிவைத்தவர்கள் மிகக் குறைவு. எழுதப்பட்டது சாதனையாக நின்றது, எழுதப்படாதது வழக்கமாக மறைந்தது. ஐயரைக் கொண்டாடும்போது, எங்கள் மாஸ்டரைப் போன்றவர்கள் ஒரு பக்கம்கூட விட்டுப் போகவில்லை என்பதும் நெஞ்சில் தைக்கிறது. பெண்கள் அந்தப் பக்கங்களில் மிக ஓரமாகவே வருகிறார்கள். அவுந்தின் ராஜா மட்டும் தன் குடும்பத்துப் பெண்களையும் பள்ளிச் சிறுமிகளையும் நமஸ்காரம் செய்யவைத்தார். அதில் அவர் தன் காலத்தைத் தாண்டியவர்.

எழுத்து இல்லாமலும் உடம்பு வளர்ந்த கதைக்கு அஸ்தம்பட்டியில் நின்றால் எளிதில் மனம் போகும், ஏனென்றால் இங்கே ஏற்காடு சாலையில் மத்திய சிறை இருக்கிறது. அதன் மதிலைப் பார்த்தால் எனக்கு ஒரு சிறைக்கதை நினைவுக்கு வரும். அது இந்தச் சிறையில் நடந்ததல்ல. வங்காளத்து மனோகர் ஆயிச் 1940-களில் விமானப்படையில் இருந்தபோது வெள்ளை அதிகாரி ஒருவரை அறைந்ததற்காகச் சிறைக்குப் போனார். அங்கே சாதனம் இல்லை, புத்தகம் இல்லை. நேரம் இருந்தது. ஒரு நாளில் பன்னிரண்டு மணிநேரம்வரை பயிற்சி செய்ததாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார். சிறை அதிகாரிகளே வியந்து அவருக்குக் கூடுதல் உணவுக்கு ஏற்பாடு செய்தார்கள். ஐந்தடிக்கும் குறைவான உயரம். 1951-இல் மற்றோர் இந்தியரான மனோதோஷ் ராய் லண்டனில் தன் பிரிவில் மிஸ்டர் யுனிவர்ஸ் ஆனார். அடுத்த ஆண்டு, 1952-இல், ஆயிச் ஆனார். நூறு வயதைத் தாண்டி 2016-இல் இறந்தார். சோறு, பால், பருப்பு, மீன், பழம் என்று தன் சாப்பாட்டைச் சொல்வார். ஊறவைத்த பழைய சோற்றைப் புகழ்வார்.

ஐயரின் படங்களையும் ஆயிச்சின் படங்களையும் இன்றைய பிளக்ஸோடு ஒப்பிடும் பிள்ளைகளிடம் ஓர் ஆண்டுக்கணக்கைச் சொல்ல விரும்புகிறேன். டெஸ்டோஸ்டிரான் என்ற ஆண் ஹார்மோனைப் பிரித்தெடுத்ததும் செயற்கையாகச் செய்ததும் 1935-இல். அதன் அடிப்படையிலான மாத்திரை டயானபால் சந்தைக்கு வந்தது 1958-இல். 'மசில் கல்ட்' வந்தது 1930-இல். ஆக, அந்தப் பக்கங்களில் இருப்பது சாப்பாடும் தூக்கமும் உழைப்பும் மட்டும் சேர்ந்து ஒரு மனித உடம்பைக் கொண்டுபோகக்கூடிய எல்லை. மார்பின் கனம், தோளின் அகலம், இடுப்பின் ஒடுக்கம் எல்லாம் இருக்கின்றன. ஆனால் கழுத்து காதுவரை ஏறவில்லை, தோல் காகிதம்போல் ஒட்டவில்லை. பிளக்ஸில் இருப்பதை அளவுகோலாக வைத்துக்கொண்டு கண்ணாடி முன் நிற்கிற பதினெட்டு வயதுப் பையன், தான் தோற்றுவிட்டதாக நினைக்கிறான். ஊசி எங்கே கிடைக்கும் என்று கேட்கத் தொடங்குகிறான். அவனுக்கு நான் ஐயரின் படத்தைத்தான் காட்டுவேன்.

இலேசான எடையும் தண்டாலும் அவ்வளவு வளர்க்குமா என்று சந்தேகம் வரும். வளர்க்கும். தசை வளர்வதற்குத் தேவை, அதன் இழைகள் களைப்பின் எல்லைக்குப் பக்கத்தில் வரும்வரை இழுவிசை தாங்குவது. பெரிய எடையைச் சில முறை தூக்கியும் அங்கே போகலாம், சிறிய எடையைப் பல முறை தூக்கியும் போகலாம். இரண்டிலும் தசையின் பருமன் ஏறத்தாழ ஒரே அளவு கூடுவதை அண்மைக்கால ஆய்வுகள் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன. கூடவேண்டியது வலிமை என்றால் பெரிய எடைக்கே முதலிடம். கோதாவில் நூற்றுக்கணக்கில் தண்டால் எடுத்தவர்களின் நெஞ்சு அகலம் இதனால் வந்ததுதான். புரதத்துக்கும் நாம் எங்கும் போகவேண்டியதில்லை. ஒரு முட்டையில் 6 கிராம் புரதம். நாமக்கல் பண்ணைகளில் விடியும் முன் லாரியில் ஏறும் முட்டை நாடெங்கும் போகிறது. அந்த மாவட்டத்துக்குப் பக்கத்திலேயே இருந்துகொண்டு, மாதச் சம்பளத்தில் பாதியைப் புரதப் பவுடர் டப்பாவுக்குக் கொடுக்கும் பிள்ளைகளைப் பார்க்கும்போது மனம் கனக்கிறது. உடற்கட்டில் அர்ஜுனா விருது 2019-இல் தமிழ்நாட்டு எஸ். பாஸ்கரனுக்குக் கிடைத்தது. நம் பக்கத்துப் பிள்ளைகளுக்கு இது எட்டாத உயரம் அல்ல. அவர்களுக்குக் கையில் கிடைக்காதது, செய்து அறிந்த ஒருவர் நல்ல தமிழில் எழுதிய புத்தகம்தான்.

ஐயரின் வாழ்க்கையில் என்னை மிகவும் கட்டிப்போடுவது அதன் பிற்பகுதி. பெங்களூர் ஜே.சி. சாலையில் இருந்த அவருடைய வியாயாமசாலை உடற்பயிற்சிக்கு மட்டும் இடமாக இருக்கவில்லை. கன்னட நாடகத்தைப் புரட்டிப்போட்ட டி.பி. கைலாசம் அங்கே வந்து தங்குவார். கைலாசம் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர், நீதிபதி பரமசிவ ஐயரின் மகன். தன் நாடகங்களைக் கைலாசம் தானே எழுதுவதில்லை. சொல்வார், சுற்றியிருப்பவர்கள் எழுதிக்கொள்வார்கள். ஒரு பக்கம் பார்பெல் தரையில் விழும் சத்தம், மறுபக்கம் நாடகத்தின் வசனம். 1946-இல் கைலாசம் மறைந்தார். அவரைப் பற்றிய நினைவுகளை ஐயர் கன்னடத்தில் எழுதினார்.

பிறகு நாவல்கள். ஹொய்சள அரசி சாந்தலையைப் பற்றி 'சாந்தலா' எழுதினார். பேலூர்க் கோயிலின் கல்லில் நிற்கும் உடல்களைப் பார்த்தவர்களுக்கு, உடற்கட்டுக்காரர் ஒருவர் அந்தக் காலத்தை ஏன் எடுத்தார் என்பது சட்டென்று புரியும். அளவும் நேர்த்தியும் ஒரு வாழ்நாள் முழுக்க அவர் கண்ணில் இருந்தவை.

மற்றொரு நாவல் 'ரூபதர்சி'. ஓவியர் ஒருவர் குழந்தை இயேசுவை வரைய ஒரு முகத்தைத் தேடுகிறார். தெருவில் ஒரு சிறுவனிடம் அந்தத் தெய்வக் களையைக் காண்கிறார், வரைகிறார். ஆண்டுகள் ஓடுகின்றன. காட்டிக்கொடுத்த யூதாசை வரைய, கெட்டுச் சீரழிந்த ஒரு முகம் வேண்டும். தேடித் தேடி ஒருவனைக் கண்டுபிடித்து எதிரே உட்கார வைக்கிறார். அவன்தான் அந்தச் சிறுவன். அன்றைய கன்னட வாசகர்கள் நெஞ்சு கனக்கப் படித்த கதை.

இந்தக் கதையின் வேர் ஐயருடையதல்ல. வெளியிலிருந்து வந்த ஒரு பழங்கதையை அவர் நாவலாக விரித்தார். ஆனால் ஆயிரம் கதைகளில் இதை ஏன் தேர்ந்தார் என்று நான் யோசித்ததுண்டு. இளமையில் தன் கையையும் மார்பையும் இஞ்சு நாடாவால் அளந்து, தேவர்கள் ஆசைப்படுவார்கள் என்று எழுதியவர். புகைப்படத்தில் தன் உடம்பு மாறாமல் நிற்க, கண்ணாடியில் அது ஆண்டுக்காண்டு வேறாகி வருவதைப் பார்த்திருப்பார். 1980-இல், எண்பதைத் தாண்டிய வயதில் இறந்தார். அவருடைய 1930-ஆம் ஆண்டுப் படங்களில் அவருக்கு வயது முப்பத்துமூன்று.

எங்கள் கொட்டகை இப்போது இல்லை. அந்த இடத்தில் மூன்று மாடிக் கட்டடம் வந்துவிட்டது. மாஸ்டர் போய்ப் பல ஆண்டுகள் ஆகின்றன. சூரிய நமஸ்கார அட்டையைக் கடைசியில் யாரோ எடுத்துப் போனார்கள். டம்பெல் அட்டை சுவரோடு ஒட்டிப்போயிருந்ததால் அதைக் கழற்ற முடியவில்லை என்று சொன்னார்கள்.